மைக்காரி விட்ட அரைத் துளி

அந்தக் காலத்தில் காக்கைக்குப் பேச்சும் உண்டு, மனிதரோடு கொடுக்கல் வாங்கலும் உண்டு. பிள்ளைகள் அப்போது கண்ணில் கறுப்பே இல்லாமல்தான் பிறந்தன. இளநீர் நிறத்தில் வெளுத்திருக்கும் கண், வெயில் பட்டதும் மூடிக்கொள்ளும். கடற்கரையில் மைக்காரி என்றொரு காக்கை இருந்தாள். பிள்ளையை முதன்முதலாக வெளியே கொண்டுவரும் நாளில் அவள் வந்து, தன் இறகின் அடியில் ஊறும் மையை எடுத்துக் கண்ணுக்கு ஒரு துளி விடுவாள். அது உள்ளே இறங்கி, வெயிலைத் தாங்கும் கறுப்பாகத் தங்கிவிடும். பதிலுக்கு அவள் கேட்டது பெரிதாக ஒன்றுமில்லை. கருவாடு காயும் வலையில் ஓரத்து வரிசை மீன் காக்கைக்கு. அதைத் தின்ன வருகிற காக்கையை யாரும் விரட்டக் கூடாது.

உலகி கருவாடு போடுகிறவள். அந்த வருசம் மழை விடாமல் அடித்து, போட்ட மீனெல்லாம் புழுத்துப் போனது. மழை வெறித்ததும் கிடைத்த நெத்திலியை அள்ளி வந்து ஒரே ஒரு வலையில் காயவைத்தாள். வயிற்றில் பிள்ளை. வீட்டில் வேறு ஒன்றும் இல்லை. அப்போது பார்த்து ஒரு காக்கைக் குஞ்சு, பறக்கப் பழகிக் கொஞ்ச நாள்தான் இருக்கும், வலையில் இறங்கி ஓரத்து மீனைக் கொத்தியது. நடுவில் கிடந்ததை அது தொடவில்லை. தாய் சொல்லித்தான் அனுப்பியிருந்தாள்.

உலகி ஓரம், நடு என்று பார்க்கவில்லை. மீன் புரட்டும் கோலை வீசினாள். குஞ்சு துடித்து அடங்கியது.

அதோடு விட்டிருந்தால் ஏதோ ஆத்திரத்தில் கை நீண்டுவிட்டது என்று சொல்லிக்கொள்ளலாம். அவள் விடவில்லை. குஞ்சின் காலில் கயிற்றைக் கட்டி, வலைக்குப் பக்கத்தில் ஒரு மூங்கிலை நட்டு, அதில் தலைகீழாகத் தொங்கவிட்டாள்.

புருசனின் தங்கை பவளம் ஓடிவந்தாள். “மதினி, என்ன காரியம் பண்ணியிருக்கீங்க! மைக்காரி பிள்ளை மாதிரி இருக்கே. இறக்கிப் போடுங்க.”

“தொங்கட்டும். இதைப் பார்த்தா இனி ஒரு காக்கா இந்தப் பக்கம் வராது.”

“நாளைக்கு உங்க பிள்ளைக்கு மை விட அவதான வரணும்?”

“வருவா, வருவா. மீன் வாசம் எங்கேன்னு அவ மூக்குக்குத் தெரியாதா? நீ போய் உன் வலையைப் பாரு.”

அவள் சொன்னபடியே ஒரு காக்கையும் வரவில்லை. நெத்திலி நன்றாகக் காய்ந்தது. கடல்காற்றில் குஞ்சு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக ஆடிக்கொண்டே இருந்தது. இறகு உதிரும் வரை ஆடியது. எதிரே தாழம்புதரில் உட்கார்ந்து மைக்காரி பார்த்துக்கொண்டே இருந்தாள். கத்தவில்லை. கத்தியிருந்தால் உலகி பயந்திருக்க வேண்டியதில்லை. கத்துகிறவர்கள் மறந்துவிடுவார்கள்.

உலகிக்கு ஆண் பிள்ளை பிறந்தது. வெளியே கொண்டுவரும் நாளில் ஓரத்து வரிசை என்ன, வலை முழுக்க மீனைப் பரப்பிவைத்துக் காத்திருந்தாள். மைக்காரி வந்தாள். மீன் பக்கம் திரும்பவே இல்லை. தலையைச் சாய்த்துப் பிள்ளையைப் பார்த்தாள்.

“ஆத்தா, தெரியாம செஞ்சிட்டேன்.”

“கோலை வீசினது தெரியாம. சரி. முடிச்சுப் போட்டதுமா?”

உலகி அழுதாள். “என்னை என்ன வேணாலும் செய். என் கண்ணைக் கொத்திட்டுப் போ. இந்தப் பச்சப்பிள்ளை என்ன பண்ணிச்சு?”

“என் பிள்ளை என்ன பண்ணிச்சு? ஓரத்து மீனைத்தான் தின்னுச்சு.”

மை விடாமலே பறந்துவிட்டாள்.

பிள்ளையின் கண் வெளுத்தே இருந்தது. பகலில் மணல் பளீரென்று அடிக்கும்போது தாயின் முந்தானைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டான். அதைவிடக் கொடுமை, விழி ஓரிடத்தில் நிற்கவில்லை. கயிற்றில் குஞ்சு ஆடியதுபோலவே இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆடியது. எதிரே வருகிறவரைக் குரலை வைத்துத்தான் அடையாளம் சொன்னான். “அந்தா போற வள்ளத்துல எத்தனை பேருடா?” என்று பையன்கள் கேட்டுச் சிரித்தார்கள். கரை தெரியாதவனை எவன் வள்ளத்தில் ஏற்றுவான்?

பிறகு ஒரு பெண் பிறந்தது. மைக்காரி கூப்பிடாமலே வந்து அரைத் துளி மை விட்டாள். உலகி மணலில் விழுந்து கும்பிட்டாள்.

“கோபம் தணிஞ்சிருச்சா ஆத்தா?”

“இல்லை. இனி யாருக்கும் மை விட நான் வர மாட்டேன்; தாய் கண்ணுல இருக்கிற மைதான் பிள்ளைக்கு இறங்கும். இவ பார்க்க இந்த அரைத் துளி போதும். பெத்த பிள்ளைக்குக் குடுக்கத்தான் போதாது. இவ பெறுற பையன்ல ஒருத்தனுக்குக் கறுப்பு இருக்கும், ஒருத்தனுக்கு இருக்காது. பொண்ணு பிறந்தா அவளும் இதைச் சுமப்பா.”

“அப்போ இவளுக்கு மட்டும் எதுக்கு விட்ட?”

“என் பிள்ளை ஆடினதை நான் கண்ணால பார்த்தேன், உலகி. பார்க்கிறதுக்கு ஒரு தாய் வேணும். அவளுக்குக் கண் நல்லாத் தெரியணும்.”

உலகி ஓடிப்போய் மூங்கிலைப் பிடுங்கினாள். கயிறும் எலும்பும் எப்போதோ காற்றில் போயிருந்தன. இறக்கிவைக்க அதில் ஒன்றும் மிச்சமில்லை.

தாய்க்கு நல்ல கண் இருந்தும் சில ஆண் பிள்ளைகள் வெளுத்த கண்ணோடு பிறப்பதும், வெயிலுக்குக் கூசுவதும், விழி ஓயாமல் ஆடுவதும் அன்றைக்குத் தொடங்கியதுதான். அந்த ஆட்டம் கொஞ்சம் அடங்குகிற பக்கத்தைத் தேடி, காக்கையைப் போலவே தலையைச் சாய்த்துத்தான் அந்தப் பிள்ளைகள் இன்றைக்கும் தாயின் முகத்தைப் பார்க்கிறார்கள்.