இரண்டு சாண் நாள்

கதையின் கடைசியில் உங்களிடம் ஒரு கேள்வி கேட்பேன். எனக்கு விடை தெரியும். தெரிந்து வைத்திருப்பதில் ஒரு சுகமும் இல்லை என்பதை இப்போதே சொல்லிவிடுகிறேன்.

இருவெயில் நாட்டின் வானத்தில் இரண்டு சூரியன்கள், பெரியது ஒன்று, சிறியது ஒன்று. ஆகவே அங்கே எல்லோருக்கும் இரண்டு நிழல்கள், ஆட்டுக்குட்டிக்கும்கூட. சூரியன்கள் ஒன்றைவிட்டு ஒன்று விலகிப் போகும், பிறகு நெருங்கி வரும். ஒன்றின் பின் ஒன்று மறைந்து நிற்கும் நாளில் இரண்டு நிழல்களும் ஒன்றாகிவிடும். அந்த ஒருநிழல் நாள்தான் அவர்களுக்கு வருடப்பிறப்பு. ஊர் நடுவே பதின்மூன்று முழ உயரத்தில் ஒரு கம்பம் உண்டு. உச்சிவேளையில் அதன் இரு நிழல் நுனிகளுக்கும் நடுவே எத்தனை சாண், எத்தனை விரல் இருக்கிறதோ அதுவே அன்றைய தேதி. சாணுக்குப் பன்னிரண்டு விரல். சூரியன்கள் நெருங்கும்போது நாளுக்கு ஒரு விரல் குறையும், விலகும்போது கூடும். “கல்யாணம் என்றைக்கு?” என்று கேட்டால், “தேயுற நாலு சாணுக்கு” என்பார்கள். வேடிக்கையாகத்தான் இருக்கும், கொஞ்ச நேரம்.

சூரியன்கள் நெருங்கினால் வெயில் இரட்டிக்கும், மலைப்பனி உருகும், ஊரை ஒட்டிய பள்ளத்தாக்கில் வெள்ளம் வரும். அக்கரை முழுவதும் ஏரியாகிவிடும். பள்ளத்தாக்கின் மேல் கட்டிய கயிற்றுப் பாலத்தை வெள்ளம் பிடித்தால் இக்கரையையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போகும். அதனால் நிழல் இடைவெளி தேய்ந்து இரண்டு சாணுக்கு வரும் நாளில், மாலைக்குள் பாலத்தை வெட்டிவிடவேண்டும். வெட்டுவது வெண்ணி என்ற பெண்ணின் குடும்ப வேலை.

அந்த வருடம் வெண்ணியின் மகள் பூவிக்கு ஓயாத இருமல். ஏழு ஒருநிழல் பார்த்த குழந்தை. அக்கரையின் வெந்நீர் ஊற்றில் குளித்தால் தேறும் என்றார்கள். வெண்ணியின் கணவன் ஆதன் அவளைத் தோளில் தூக்கிக்கொண்டு கிளம்பினான். தேதி பார்க்க, பதின்மூன்று முழக் கம்பத்துக்குக் கணக்காகச் செதுக்கிய கைக்கோலும் எடுத்துக்கொண்டான்.

“ரெண்டு சாணும் ஒரு விரலும் இருக்கையிலேயே வந்துடுவோம். ஒரு நாள் முந்தியே. போதுமா?” என்றான்.

சொன்ன தேதி வந்தது. அவன் வரவில்லை. மறுநாள் உச்சியில் நிழலளப்பவர் அந்துவன் மூன்று முறை அளந்தார். சரியாக இரண்டு சாண். ஆனால் அந்த நாளுக்கென்று முன்னோர் நட்ட வெள்ளைக் கல்லைப் பெரிய சூரியனின் நிழல் தொடாமல் நின்றுவிட்டது. ஊர்த்தலைவி மருதியிடம் போய்த் தனியாகச் சொன்னார்: “நிழல் கல்லுக்கு எட்டலைம்மா. போன வருஷம்வரை ஓரத்தையாவது தொட்டுச்சு. ஏன்னு எனக்குப் பிடிபடலை.” கல்லை மாடு கீடு நகர்த்தியிருக்கும் என்றாள் மருதி.

சற்று நேரத்தில் வெண்ணி பாலத்திலிருந்து ஓடி வந்தாள். “அக்கா, பள்ளத்துல தண்ணியே ஏறலை. எங்க பாட்டி காலத்துல இதே நாள்ல பாதி பாறை முழுகியிருக்குமாம். ரெண்டே ரெண்டு நாள் பொறுங்கக்கா.”

மருதி கல்மனசுக்காரி அல்ல. பதினோரு ஒருநிழல்களுக்கு முன் அப்போதைய தலைவர் தன் தம்பிக்காக இரண்டே நாள் காத்திருந்து, ஒரு தெருவே வெள்ளத்தோடு போயிற்று. அந்தத் தெருவில் மருதியின் வீடும் இருந்தது. “கம்பம் சொன்னா சொன்னதுதான். வெட்டும்மா” என்றாள். பொழுது சாயும்வரை எதிர்க்கரையைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு வெண்ணி வெட்டினாள்.

மறுநாள் உச்சிவேளையில் ஆதன் வந்து சேர்ந்தான். பூவி தன் காலால் நடந்து வந்தாள். பள்ளத்தாக்கின் காற்றில் பேச்சு எதுவும் இக்கரைக்குக் கேட்கவில்லை. ஆதன் கைக்கோலைத் தரையில் நட்டு அதன் இரண்டு நிழல்களையும் திரும்பத் திரும்பச் சுட்டிக் காட்டினான். நான் தாமதிக்கவில்லை என்று சொல்கிறான் என்பது எல்லோருக்கும் புரிந்தது.

அந்துவன் மண்வெட்டியோடு கம்பத்துக்கு ஓடினார். ஒவ்வொரு ஒருநிழல் நாளிலும் வீட்டுக்கு ஒரு பிடி மண் கொண்டுவந்து கம்பத்தின் காலில் போட்டுக் கும்பிடுவது அந்த ஊர் வழக்கம். தலைமுறை தலைமுறையாகக் கும்பிட்டதில் ஒரு முழம் மேடாகியிருந்தது. கம்பம் குட்டையானால் நிழலும் குட்டை, நுனிகளுக்கு நடுவிலுள்ள இடைவெளியும் குட்டை. இருபத்தாறு விரல் இருபத்து நான்காகத் தெரிந்தது; ஊர் தன் பக்தியாலேயே இரண்டு நாள் முந்திப்போயிருந்தது. இதற்கு முன் யாரும் கைக்கோலோடு கடைசி நாள்வரை அக்கரையில் தங்கியதில்லை, அதனால் தெரியவில்லை.

புதுக் கயிறு திரிக்க நாற்பது விரல் காலம் ஆகும். வெள்ளம் மறுநாளே வந்தது. வெண்ணி கடைசிவரை கரையில் நின்று பார்த்தாள். அதற்கு மேல் அதைப் பற்றி எனக்குச் சொல்லத் தெம்பில்லை.

ஊர்ச் சட்டப்படி ஒரு நிகழ்வில் எத்தனை சாவானாலும் அதற்கு ஒருவர்தான் பொறுப்பு. அவர் ஊரைவிட்டு வெளியேற வேண்டும். “வெட்டியது என் கை” என்றாள் வெண்ணி. “தப்பாத் தேதி சொன்னது என் வாய்” என்றார் அந்துவன். “உத்தரவு என்னோடது” என்றாள் மருதி. பரிசுக்கு மூன்று பேர் அடித்துக்கொண்டு பார்த்திருப்பீர்கள். இங்கே பழிக்கு அடித்துக்கொண்டார்கள்.

சொல்லுங்கள், அந்தப் பழி யாருக்குச் சேரவேண்டும்?

விடை: மருதிக்கு. அந்துவனுக்கு நிழல் குறைந்தது மட்டும் தெரியும், வெண்ணிக்குத் தண்ணீர் ஏறாதது மட்டும் தெரியும். இரண்டையும் ஒரே பகலில் கேட்டவள் மருதி ஒருத்திதான். பொறுக்கச் சொல்லும் அதிகாரமும் அவளிடமே இருந்தது. பயம் அவளை யோசிக்க விடவில்லை. ஊரும் அப்படியே தீர்ப்புச் சொன்னது. மருதி மூட்டையோடு எல்லையைத் தாண்டும்போது வெண்ணி பின்னாலேயே போய் அவள் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள். “அந்தப் பழியில எனக்கும் கொஞ்சம் குடுத்துட்டுப் போங்கக்கா. வெறுங்கையோட நான் எப்படி இருப்பேன்?” என்றாள். பழியைப் பங்கு போட அந்தச் சட்டத்தில் இடமில்லை. மருதி முந்தானையை விடுவித்துக்கொண்டு நடந்தாள். வெண்ணி குற்றமற்றவளாக வீட்டுக்குத் திரும்பினாள்.