எட்டாவது கொட்டாவி

“அடுத்தவன் வலி எனக்கு வலிக்கக் கூடாது, ஆத்தா. அதுக்கு ஒரு வழி சொல்லுங்க.”

செங்கோடன் இப்படிக் கேட்டபோது ஆத்தா மலைச்சுனை ஓரத்தில் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

ஆத்தா என்றதும் நரைத்த தலையை நினைத்துக்கொள்ள வேண்டாம். அவனைவிடப் பத்து வயது இளையவள். எங்கிருந்து வந்தாள் என்று யாருக்கும் தெரியாது. மலைமேல் தனியாக இருந்தாள், அதனால் ஆத்தா ஆகிவிட்டாள். ஊர் அப்படித்தான்.

செங்கோடன் எலும்பு வைத்தியன். முறிந்த கையை இழுத்துப் பொருத்தி, முட்டை வெள்ளைக்கருவும் உளுந்து மாவும் பூசி, மூங்கில் பத்தை வைத்துக் கட்டுவான்.

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்பார்கள். செங்கோடனுக்கு யாருக்கு வந்தாலும் தெரிந்தது. அதுதான் வில்லங்கம்.

“போன மாசம் ஒரு நெசவுக்காரர் வந்தார். மணிக்கட்டு. இழுத்தேன், கத்தினார். என் மணிக்கட்டும் சுள்ளுனு இழுத்துச்சு. கை நடுங்கிப் பாதியிலயே விட்டுட்டேன்.”

“அப்புறம்?”

“கோணலாக் கூடிப்போச்சு. இனி அவர் தறியில உக்கார முடியாது. மூணு பிள்ளைங்க அவருக்கு.”

சொல்லிவிட்டு மூக்கைச் சொறிந்தான். ஆத்தாளும் மூக்கைச் சொறிந்தாள்.

அவன் காலை மாற்றி உட்கார்ந்தான். அவளும் மாற்றி உட்கார்ந்தாள்.

“கேலி பண்றீங்களா, ஆத்தா?”

“வைத்தியம் எப்படிக் கத்துக்கிட்டீங்க?”

“அப்பன் பண்றதப் பார்த்துத்தான். அவர் கை போற பக்கமே என் கையும் தன்னால போகும்.”

“அது நல்லாருந்துச்சாக்கும்?”

“நல்லாத்தான் இருந்துச்சு. இது வேறீங்க.”

“ஒரே கதவுதான் இருக்குது, வைத்தியரே. திருடனுக்குன்னு சாத்தினா விருந்தாளியும் வெளியதான் நிக்கோணும்.”

“நின்னுட்டுப் போகட்டும். சாத்துங்க.”

தவளை தன் வாயால் கெட்ட கதைதான்.

ஆத்தா கீரையைக் கீழே வைத்தாள். அவன் கண்ணைப் பார்த்தபடி வாயைப் பிளந்து ஒரு கொட்டாவி விட்டாள்.

செங்கோடனுக்கும் கொட்டாவி வந்தது.

மறுபடி விட்டாள். மறுபடி வந்தது. மூன்று, நாலு, ஐந்து. இருவர் கண்ணிலும் நீர் கோத்தது. ஏழாவதில் அவன் தாடை கழன்றுவிடும் போல் இருந்தது.

எட்டாவது கொட்டாவியை ஆத்தா விட்டாள்.

செங்கோடன் சும்மா பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு பெண் வாயைத் திறந்து மூடினாள். அவ்வளவுதான்.

“முடிஞ்சுது. போங்க,” என்றாள்.

அன்று மாலையே வண்டிக்காரர் ஒருவரைத் தூக்கி வந்தார்கள். கணுக்கால் விலகியிருந்தது. செங்கோடன் பிடித்தான், இழுத்தான். வண்டிக்காரர் போட்ட சத்தத்தில் கூரைக் காக்கை பறந்தது. இவன் கை இம்மி அசையவில்லை.

அவனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. இருக்காதா பின்னே? ஒரு மாதத்தில் அக்கம்பக்கத்து நாலு ஊர் அவன் வாசலில் நின்றது. முழங்கை, தோள்பட்டை, விலா. எல்லாம் நேராகக் கூடின.

கல்லுக்கைக்காரர் என்று பெயர் வைத்தார்கள். பெருமையாகத்தான் வைத்தார்கள்.

வீட்டு நாய் மட்டும் அவன் வந்தால் எழுந்து போய்விடும். போனால் போகட்டும், நாய்தானே என்று இருந்துவிட்டான்.

அவனுக்கு மரகதம் என்று ஒரு பெண் குழந்தை. பத்து மாதம். ஏழு வருஷம் தவம் கிடந்து பெற்றது. அவன் நாக்கை நீட்டினால் அவளும் நீட்டுவாள், அவள் சிரித்தால் அவனும் சிரிப்பான். அப்பனுக்கும் மகளுக்கும் அந்திக்கு அந்தி அதுதான் வேலை.

அவன் மலையிலிருந்து இறங்கிய வாரமே ஒரு நாள் மரகதம் நாக்கை நீட்டினாள். செங்கோடன் பார்த்தான். ஈரமான சின்ன நாக்கு. எதற்கு நீட்டுகிறாள் என்று யோசித்தான்.

அவள் இன்னும் கொஞ்சம் நீட்டினாள். காத்திருந்தாள். பிறகு உள்ளே இழுத்துக்கொண்டாள்.

நாலு நாள் முயன்று பார்த்தாள். ஐந்தாம் நாள் விட்டுவிட்டாள்.

அப்புறம் சிரிப்பு நின்றது. மாதம் முடிவதற்குள் குழந்தையின் முகம் கழுவிய சிலேட்டுப் போல ஆகிவிட்டது. அம்மா கொஞ்சினாலும் தலையைத் திருப்பி அப்பன் முகத்தைத்தான் முதலில் பார்ப்பாள். பார்த்துவிட்டு அப்படியே இருப்பாள்.

“ஏனுங்க, பிள்ளை ஒரு மாதிரி இருக்குது,” என்றாள் அவன் மனைவி பாவாயி.

“காய்ச்சல் இல்ல. எலும்பெல்லாம் சரியாத்தான் இருக்குது.”

பாவாயி குழந்தையைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டாள். அன்றிலிருந்து குழந்தையை அவன் பக்கம் படுக்க வைப்பதில்லை.

ஒரு நாள் காலை அவள் தோசைக்கல்லை இறக்கித் தரையில் வைத்துவிட்டுத் தண்ணீர் எடுக்கப் போனாள். செங்கோடன் எதிரில் உட்கார்ந்து மூங்கில் சீவிக்கொண்டிருந்தான். மரகதம் தவழ்ந்து வந்து கல்லின்மேல் உள்ளங்கையை வைத்தாள்.

வெடுக்கென்று எடுத்தாள். வாய் கோணியது. அழப் போனவள், முதலில் அப்பன் முகத்தைப் பார்த்தாள்.

அந்த முகத்தில் ஒன்றும் இல்லை.

மரகதம் வாயை மூடிக்கொண்டாள்.

உள்ளங்கை கொப்பளித்துக்கொண்டு வந்தது. அவள் அதைப் பார்த்தாள். மறுபடி அப்பனைப் பார்த்தாள். ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை.

குடத்தோடு வந்த பாவாயிதான் அலறினாள். குழந்தையின் கையைத் தண்ணீருக்குள் விட்டுப் பிடித்துக்கொண்டாள்.

“உங்க மூஞ்சியப் பார்த்துட்டுத்தான் இது அழாம இருக்குது. எங்கயோ போய் என்னமோ பண்ணிக்கிட்டு வந்திருக்கீங்க. பிள்ளையையும் அங்கயே தூக்கிக்கிட்டுப் போங்க. முன்ன இருந்த ஆளக் கூட்டிக்கிட்டு வாங்க. இல்லைன்னா வராதீங்க.”

செங்கோடன் முற்றத்துச் சோற்றுக்கற்றாழையில் ஒரு மடலை ஒடித்து மடியில் செருகினான். ஈரத்துணி சுற்றிய கையோடு குழந்தையைத் தூக்கிக்கொண்டு மலை ஏறினான். பயமாக இருந்தது. அவனுடைய பயம் மட்டும் அவனிடம் மிச்சம் இருந்தது.

சுனை ஓரத்தில் ஆத்தா பாறையில் சாய்ந்து கிடந்தாள். கணுக்காலில் கட்டு. முழங்கையில் கட்டு. தோளில் கட்டு. எல்லாம் அவன் போடுகிற முடிச்சு.

“யார் போட்டது இதெல்லாம்?”

“நீங்கதான்.” கணுக்காலைத் தொட்டாள். “இது வண்டிக்காரருது.” முழங்கையைத் தொட்டாள். “இது மரத்துல இருந்து விழுந்தவருது. சாத்தின கதவுக்கு முன்னால வந்தது எங்கயாவது போய்த்தானே ஆகோணும்.”



ஆத்தா வலது உள்ளங்கையை விரித்துக் காட்டினாள். நடுவில் தீப்புண். ஒரு பிஞ்சுக் கையின் அளவில், ஐந்து விரல்களோடு.

“மத்ததெல்லாம் பொறுத்துக்கிட்டேன். இது தாங்கல.”

“புண்ணுக்கு என்ன போடறதுன்னு எனக்குத் தெரியும், ஆத்தா. அழாத பிள்ளைக்கு என்ன போடறதுன்னுதான் தெரியல. எடுத்ததத் திருப்பிக் குடுத்துருங்க.”

ஆத்தா ஒரு கொட்டாவி விட்டாள்.

அவனுக்கு வரவில்லை. வாயைத் திறந்து திறந்து மூடினான். வெறும் காற்றுதான் வந்தது.

“எனக்குச் சாத்தத்தான் தெரியும், வைத்தியரே,” என்றாள்.

செங்கோடன் குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். செய்வதற்கு வேறொன்றும் தோன்றாமல் நாக்கை நீட்டினான்.

மரகதம் பார்த்தாள். அசையவில்லை.

இன்னும் கொஞ்சம் நீட்டினான். காத்திருந்தான். வெயில் ஏறியது. நாக்கு உலர்ந்துபோகிற வரைக்கும் நீட்டிக்கொண்டே இருந்தான்.

மலை ஏறி வந்த அலுப்போ என்னமோ, மரகதத்துக்குக் கண் சொக்கியது. சின்ன வாயைத் திறந்து ஒரு கொட்டாவி விட்டாள்.

செங்கோடனின் தாடை தானாகத் திறந்தது.

மூடுவதற்குள் அவன் உள்ளங்கையில் தீப் பற்றியது. “ஐயோ, சாமி,” என்று கையை உதறினான். முகம் கோணிக் கண்ணீர் கொட்டியது.

மரகதம் அந்த முகத்தையே பார்த்தாள். கீழுதடு பிதுங்கியது. அப்புறம் மலை அதிர வீறிட்டு அழுதாள்.

அவள் நிறுத்தவில்லை. அவனும் நிறுத்தவில்லை. ஆத்தா தன் கட்டுகளை ஒவ்வொன்றாக அவிழ்த்துக்கொண்டிருந்தாள். அவள் உள்ளங்கையில் இப்போது ஒன்றும் இல்லை.

செங்கோடன் மடியில் செருகியிருந்த கற்றாழையை எடுத்துக் கீறினான். கை வெடவெடவென்று நடுங்கியது. குழந்தையின் கையருகே கொண்டுபோய் அப்படியே நிறுத்திவிட்டான்.

“நடுங்குதுங்க, ஆத்தா.”

“அந்தக் கையாலயே போடுங்க.”