பரிதி பேரில் வந்த ஆட்டங்கள்

"சாமி, ஓசியில கிடைக்கறதையெல்லாம் வாங்கிக்கிட்டே இருக்கறனுங்க. நிறுத்த முடியலீங்க."

அரசி இப்படித்தான் ஆரம்பித்தாள்.

கரட்டடிச் சாமி அப்போது மடத்துத் திண்ணையில் அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்க்கவில்லை.

"என்ன வாங்கற அம்மிணி? சேலையா?"

"கேமுங்க சாமி. டிவியில போட்டு விளையாடறது."

"திருட்டா?"

"ஐயோ, இல்லீங்க. எல்லாம் முறைப்படிதானுங்க. கம்பெனிக்காரனே குடுக்கறான்."

"அவன் குடுக்கறான், நீ வாங்கற. அப்பறம் இங்க எதுக்கு வந்த?"

ஈரோட்டிலிருந்து இரண்டு பஸ் மாறி, சின்னக் குன்றான அந்தக் கரட்டில் மூச்சு வாங்க ஏறி வந்தவள், பையைக்கூட இறக்காமல் நின்றாள்.

சாமியிடம் வருகிறவர்கள் பெரும்பாலும் கல்யாணம் தள்ளிப்போகிறது என்பார்கள், பங்காளி வம்பு பண்ணுகிறான் என்பார்கள். அவர் யாருக்கும் விபூதி கொடுத்ததில்லை, குறி சொன்னதுமில்லை. கையில் இருக்கிற வேலையில் பாதியை வந்தவர்களிடம் தள்ளிவிடுவார். வந்தவர்களில் பாதிப் பேர் அவரைத் திட்டிக்கொண்டேதான் கரட்டை விட்டு இறங்குவார்கள்.

"உக்காரு. நீயும் உரி."

அரசி உட்கார்ந்து உரித்தாள்.

"நீ விளையாடுவியா?"

"எனக்கு அதெல்லாம் தெரியாதுங்க."

"பின்ன யாருக்கு வாங்கற?"

"தம்பிக்குங்க. பரிதி."

"அவன் எங்க?"

"வெளியூருங்க."

பொய். இளம்பரிதி செத்து ஒன்றரை வருஷம் ஆகிறது. காய்ச்சல் என்று படுத்தான். டெங்கு என்றார்கள். நாளைக்குச் சரியாகிவிடும் என்று டாக்டர் சொல்லிவிட்டுப் போன அன்றைக்கே போய்விட்டான். அப்பா அம்மா இரண்டு பேரும் சீக்கிரமே கண்ணை மூடிவிட, அவனுக்குச் சோறு ஊட்டி, ஃபீஸ் கட்டி ஆளாக்கியவள் அரசி. அவனும் போனபின் அந்த வீட்டில் அவள் ஒருத்திதான்.

அழுதாள். காரியம் செய்தாள். அவன் துணிமணிகளை மூட்டை கட்டி ஒரு விடுதிக்குக் கொடுத்தாள். ஆனால் செத்துவிட்டான் என்று மட்டும் அவள் வாயால் ஒருநாளும் சொன்னதில்லை. தெரிந்தவர்கள் கேட்க மாட்டார்கள். தெரியாதவர்கள் கேட்டால் வெளியூர்.

கொடுக்க மனம் வராதது ஒன்றே ஒன்றுதான். டிவிக்குக் கீழே இருந்த கேம் பெட்டி.

"அந்தப் பெட்டிய எடுத்துக்கிட்டு வா," என்றார் சாமி.

"இங்கயாங்க?"

"கரட்டுக்கு வராதா உங்க கேமு?"

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பகல் பன்னிரண்டு மணிக்கு அரசி பெட்டியைத் துண்டில் சுற்றிப் பையில் வைத்துத் தூக்கிக்கொண்டு வந்தாள். பஸ்ஸில் மடியைவிட்டு அதை இறக்கவில்லை.

மடத்துச் சாப்பாட்டுக் கூடத்தில் யாரோ ஒரு பக்தர் வாங்கி மாட்டிய டிவி உண்டு. எங்காவது கும்பாபிஷேகம் நடந்தால் மட்டும் அதற்கு உயிர் வரும். அரசி அதில் வயரைச் சொருகி, தன் செல்போனிலிருந்து நெட் கொடுத்தாள். திரை வெளிச்சமானது. மூலையில் ஒரு பெயர் வந்தது. பக்கத்தில் பச்சையாக ஒரு சின்ன விளக்கு.

"அதாரு, மொட்டைமாடி?"

"தம்பிதானுங்க. விளையாட்டுல அவன் பேரு அது. அங்க யாரும் சொந்தப் பேரு வெக்கறதில்லீங்க."

"சரி. எப்படி வாங்கறதுன்னு எனக்கும் காட்டு."

கேலிக்குக் கேட்கிறாரோ என்று அரசி அவர் முகத்தைப் பார்த்தாள். அப்படித் தெரியவில்லை.

"மாசம் பொறந்தாப் புதுசா ஒண்ணு ரெண்டு ஓசியில போடுவாங்க சாமி. அந்த மாசத்துக்குள்ள எடுத்துரோணும். எடுத்துட்டா நம்ம கணக்குல நின்னுக்கும். விட்டாப் போச்சு."

"ம்."

"சிலது எப்பவுமே ஓசிங்க. ஆனா உள்ள போனா அந்தச் சட்டைய வாங்கு, இந்தத் துப்பாக்கிய வாங்குன்னு நச்சரிப்பான். தம்பி மசிய மாட்டான். சிலது சனி ஞாயிறு மட்டும் தொறந்து விடுவாங்க. சிலது மொதப் பகுதி மட்டும், ருசி காட்ட. ஓசிச் சரக்கைக் கடையில முன்னால வெக்க மாட்டானுங்க. கீழ, கீழ போயித் தேடோணும்."

சொல்லச் சொல்ல அவள் முகத்தில் களை வந்தது. ஒன்றரை வருஷத்தில் அவள் இவ்வளவு பேசியதில்லை.

"அவன் கூட்டாளி ஒருத்தன், பெட்டியோட பூட்டை ஒடச்சு எல்லாக் கேமும் சும்மாவே போட்டுத் தர்றேன்னு வந்தானுங்க. இவன் விடலை. 'ஓசி வேற, திருட்டு வேற அக்கா'ன்னுட்டான்."

"நல்ல பையன்."

"ரொம்ப நல்ல பையனுங்க."

அரசி வயரை நேராக்குவதுபோல் குனிந்துகொண்டாள்.

"இந்த மாசத்துது எடுத்தாச்சா?" என்றார் சாமி.

"இன்னும் இல்லீங்க."

"எடு."

அரசி எடுத்தாள். விலை என்ற இடத்தில் பூஜ்ஜியம் இருந்தது. பொத்தானை அமுக்கியதும் புதுப் படம் ஒன்று மற்றப் படங்களோடு போய்ச் சேர்ந்துகொண்டது. வரிசை வரிசையாகப் படங்கள். கீழே தள்ளத் தள்ள வந்துகொண்டே இருந்தன.

"ஒண்ணைத் தொறந்து காட்டு."

"வேண்டாமுங்க. அவன் தொறக்காததை நான் எப்படித் தொறக்கறது?"

"எப்ப வெளியூரு போனான்?"

"போன ஐப்பசிக்கு முந்துன ஐப்பசிங்க."

"அப்ப அவனுக்கு என்ன வயசு?"

"இருவத்திநாலு."

"இப்ப?"

"இருவத்திநாலுங்க."

சொன்ன பிறகுதான் அவளுக்கே உறைத்தது.

"எல்லாத்தையும் குடுத்துட்டனுங்க சாமி," என்றாள் அரசி. "செருப்பைக்கூடக் குடுத்துட்டேன். இது மட்டும் முடியல. மாசம் பொறந்தாக் கை தானா இதுக்குப் போவுது. எடுக்காம விட்டா, அவனுக்கு வர வேண்டியது போயிருமேன்னு பதறுது. எடுத்தா நெஞ்சை அடைக்குது. கடையில கண்ணாடி துடைச்சுக்கிட்டு நிக்கறப்பக்கூட இதே நெனப்புத்தான். இப்படியே எத்தனை காலத்துக்குங்க? என்னால முடியல. நிறுத்தறதுக்கு ஒரு வழி சொல்லுங்க."

அப்போது டிவி 'டிங்' என்றது.

திரையின் மேல்பக்கம் ஒரு பட்டை இறங்கி நின்றது. 'பன்னீர்சோடா அழைக்கிறார்.'

அரசியின் முகம் வெளுத்துப்போனது.

"அது... விடுங்க சாமி. தானா நின்னுரும்."

"யாரு அது?"

"தம்பிகூட விளையாடறவனுங்க. தூத்துக்குடிப் பக்கம். ரெண்டு பேரும் நேர்ல பாத்ததே இல்ல. பெட்டியப் போட்டாப் பச்சை விளக்கு எரியுதுங்களா, அவன் வந்துட்டான்னு நெனச்சுக் கூப்படறான்."

"எப்பவுமா?"

"நான் போடறப்பெல்லாம்."

"நீ என்ன பண்ணுவ?"

"அணைச்சுருவனுங்க."

"அவனுக்குத் தெரியுமா?"

அரசி தரையைப் பார்த்தாள்.

சாமி கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு கேம் பெட்டியின் ரிமோட்டை வாங்கினார். புரட்டிப் புரட்டிப் பார்த்தார்.

"பேசறதுக்கு எந்தப் பொத்தானு?"

"இந்தக் கீழ்ப் பொத்தானுங்க. ஆனா சாமி..."

அமுக்கிவிட்டார்.

"ஏலே!"

கூடம் முழுக்க அந்தக் குரல் நிரம்பியது.

"ஏலே மொட்டமாடி! எடுத்துட்டியால! எங்கல போய்த் தொலைஞ்ச? பச்ச லைட்டு எரியும், கூப்புட்டா அணைஞ்சிரும். ஒன்னர வருசமா இதே பொழப்பாப் போச்சு எனக்கு. கோவமால? அன்னைக்கி நான் ஏசுனதுக்கா? தோத்த கடுப்புல வாயில வந்துட்டுல. இனிமே என் மூஞ்சில முழிக்காதன்னுட்டேன். அதுக்குன்னு இப்படியா? மன்னிச்சிருல. நெசமாத்தான் சொல்லுதேன். ரெண்டு வார்த்த ஏசவாச்சும் ஏசுல. சும்மா இருக்காத."

சாமி ரிமோட்டை அரசியின் மடியில் வைத்தார்.

அவள் அதைத் தொடவில்லை. இது தன் ஒருத்தியின் தலைவிதி என்றுதான் இத்தனை நாளும் நினைத்திருந்தாள். யாரோ ஒரு பையன், முகம்கூடத் தெரியாதவன், தன் வாய்தான் சிநேகிதனைத் துரத்தியது என்று ஒன்றரை வருஷம் வெந்துகொண்டிருப்பான் என்று அவளுக்குத் தோன்றியதே இல்லை. வெட்கமாக இருந்தது. எழுந்து ஓடிவிடலாம்போல் இருந்தது.

"நீங்க சொல்லுங்க சாமி," என்றாள் மெதுவாக.

"எனக்கு அவனைத் தெரியாதே அம்மிணி."

"ஏலே, யாருல பக்கத்துல?" என்றது டிவி.

அரசி ரிமோட்டைக் கையில் எடுத்தாள்.

"தம்பி, நான் அவனோட அக்கா பேசறேன்."

"அக்காவா! வணக்கம்க்கா." குரல் சட்டென்று மரியாதைக்கு மாறியது. "ஒங்களப் பத்தி நெறையச் சொல்லுவான்க்கா. கண்ணாடிக் கடையிலதான வேல பாக்கிய? அவன் இருக்கானாக்கா? ஒரே ஒரு வார்த்த பேசச் சொல்லுங்க. இனிமே நான் ஏசவே மாட்டேன்."

"அவன்..."

வெளியூர் என்பது நாக்கு நுனிவரை வந்துவிட்டது. சாமியைப் பார்த்தாள். அவர் அவளைப் பார்க்கவில்லை, டிவியைப் பார்க்கவில்லை. கண்ணை மூடியிருந்தார்.

"அவன் செத்துட்டான் தம்பி."

அந்தப் பக்கம் தெருவில் ஏதோ வண்டி போகிற சத்தம் மட்டும் கேட்டது.

"என்னக்கா சொல்லுதிய?"

"செத்துட்டான். டெங்குக் காய்ச்சல். ஒண்ணரை வருசம் ஆச்சு. நீ ஏசுனதுக்கும் இதுக்கும் ஒண்ணுமில்ல தம்பி. உன்மேல கோவம்னு அவன் எங்கிட்ட ஒரு வார்த்தை சொன்னதில்ல."

"அப்ப இந்தப் பச்ச லைட்டு?"

"நாந்தான்."

"மாசா மாசம் வந்து கேம் எடுத்துட்டுப் போனது?"

"நாந்தான்."

பிறகு அவன் சொன்னான்:

"நானும் எடுத்தேன்க்கா. ரெண்டு பேருட்டயும் துட்டு கெடையாது. ஓசியில வாறத ரெண்டு பேரும் எடுத்து வெச்சு, ஒண்ணாத்தான் தொடங்கணும்னு பேசி வெச்சிருந்தோம். ஒண்ணுகூட நான் தொறக்கல. அவன் கோவம் தீந்து வருவான்னுட்டு..."

முடிக்க முடியவில்லை. அழுதான். பெரிய ஆள் அழுகிற அழுகை. டிவியின் இரண்டு பக்கத்திலிருந்தும் அது கொட்டியது.

அரசி அழவில்லை. ரிமோட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தாள். அவளுக்குத் தேற்றத் தெரியவில்லை. தேற்றுவதற்கு அவளிடம் என்ன இருந்தது?

"அக்கா."

"சொல்லு தம்பி."

"அவன் பேரு என்னக்கா?"

"இளம்பரிதி."

"இளம்பரிதி," என்று ஒருமுறை சொல்லிப் பார்த்தான். "எனக்கு இதுகூடத் தெரியாதுக்கா. நான் ரெமிஜியுஸ்."

"சரி தம்பி."

"நான் வைக்கேன்க்கா. இப்ப என்னால பேச முடியல."

பன்னீர்சோடாவின் பக்கத்தில் எரிந்த பச்சை விளக்கு அணைந்தது.

சாமி ஒரு சொம்புத் தண்ணீரை அரசி பக்கம் நகர்த்தினார். அவள் குடிக்கவில்லை.

"பாவம் பண்ணிப்போட்டனுங்க சாமி."

சாமி சொம்பை இன்னும் கிட்டே தள்ளினார்.

"நிறுத்தறதுக்கு வழி கேட்டனுங்க. நீங்க அதுக்கு ஒண்ணுமே சொல்லலியே."

"அம்மிணி."

"சொல்லுங்க சாமி."

"இன்னைக்கு உன் தம்பி எத்தனை பேருக்குச் செத்தான்?"

"ஒருத்தனுக்குங்க," என்றாள். "பாவம், அந்தப் பையனுக்கு."

சாமி காத்திருந்தார்.

அரசி வாயைத் திறந்தாள், மூடினாள். ரிமோட்டைக் கீழே வைத்தாள்.

"இல்லீங்க சாமி," என்றாள். "ரெண்டு பேருக்கு."