வில் யாருடையது?

புல்வெளி தேசத்தில் ஆற்று வெள்ளம் ஒரு பழைய சமாதி மேட்டை அரித்துவிட்டது. உள்ளே இருந்த இரண்டு எலும்புக்கூடுகளையும், அவற்றோடு கலைந்து கிடந்த பொருள்களையும் வேறு மேட்டில் மறுபடி அடக்கம் செய்ய வேண்டும். அவரவர் பொருளை அவரவர் வலது கையருகே வைப்பது அந்த நாட்டு வழக்கம்.

மேடுகளைக் காக்கும் குரு ஆர்தக், அந்த வேலையைத் தர்கானாவிடம் விட்டார். அவள் அவரைவிடப் பத்து வயது மூத்த சிஷ்யை. அக்கா என்றுதான் கூப்பிடுவார்.

அவளுக்கு வேலையில் மனம் ஒட்டவில்லை. பெண்ணுக்குப் போர்க்குதிரை எதற்கு என்று அவள் மகளின் குதிரையைப் பிடுங்கிக்கொள்வதா என முடிவு செய்ய நாளைக்குச் சபை கூடுகிறது.

"பெண்கள் குதிரையேறிப் போர் செய்ததெல்லாம் கடல் தாண்டி வந்த வியாபாரிகள் கட்டிய கதை என்கிறார் சபைத் தலைவர். வெறும் கதைதானா, குருவே?"

"முதலில் கையில் இருப்பதை முடியுங்கள், அக்கா."

மளமளவென்று முடித்தாள். உயரமான எலும்புக்கூட்டுக்கு வில்லும் அம்பும். குட்டையான கூட்டுக்கு வெண்கலக் கண்ணாடியும் சமையல் பானையும்.

"வில்லை ஏன் அங்கே வைத்தீர்கள்?"

"அது ஆம்பிளை ஆயிற்றே!"

"ஆம்பிளைதான். இந்தக் குட்டை ஆளின் முழங்காலையும் கொஞ்சம் பாருங்கள்."

குனிந்தாள். எலும்புக்குள் ஓர் அம்புமுனை. அதைச் சுற்றி எலும்பு வளர்ந்து ஆறியிருந்தது. சிறுவயதிலிருந்தே குதிரையேறியவர்களுக்கு வளைவதுபோலத் தொடை எலும்புகள் வளைந்திருந்தன. இடுப்பெலும்போ நல்ல அகலம், பெண்ணின் இடுப்பு. பிள்ளை பெற்றவளுக்கு அதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

தர்கானாவுக்கு முகம் சுண்டிவிட்டது. மகளுக்காக வரிந்துகட்டிக்கொண்டு வந்தவளே இந்தப் பெண்ணின் வில்லைத் தூக்கி அடுத்தவனிடம் கொடுத்திருக்கிறாள். எடுத்து இந்தப் பக்கம் வைத்தாள்.

"அப்படியானால் கண்ணாடி?"

"இருக்கட்டும். சண்டைக்குப் போகிறவள் தலை வாரக் கூடாதா?"

"பானை?"

"அவனுடையதாக இருக்கும். அவனுக்குப் பசிக்காதா?"

தர்கானா வாய்விட்டுச் சிரித்தாள். எழுந்தபோது அவள் முதுகு நிமிர்ந்திருந்தது.

"சபையையே இங்கே இழுத்து வந்து இந்த முழங்காலைக் காட்டுகிறேன். ஆனால் ஒன்று கேட்பார்கள், குருவே. இவள் நம்மைப்போல ஒருத்திதான் என்றால், ஆணே இல்லாத நாடு, மாயக்காரிகள், பறக்கும் குதிரை என்றெல்லாம் கதை எப்படி வந்தது?"

ஆர்தக் மண்வெட்டியை எடுத்தார்.

"உதைபட்டு ஊர் திரும்பியவன், ஒரு பொம்பிளையிடம் தோற்றேன் என்றா சொல்லுவான், அக்கா?"