ஆட்காட்டிக்குக் கிடைத்த மேடு

ஆட்காட்டிக் குருவி மல்லாந்து படுத்து, வானம் விழுந்துவிடாமல் இரண்டு கால்களாலும் தாங்கிக்கொண்டு தூங்குகிறது என்று பலரும் நம்புகிறார்கள். இந்தப் பெரும்பிழையைத் திருத்தாமல் கதையைத் தொடங்குவது முறையாகாது. ஆட்காட்டி வானத்தைத் தாங்குவதில்லை. மல்லாந்து படுப்பதும் இல்லை. நம் கதையில் வரும் ஆட்காட்டி தூங்கவே இல்லை. அதற்கு நீதிமன்றத்தில் வழக்கு இருந்தது.

காட்டு ஏரிக்கரையில் அது வெறுந்தரையில் இட்டிருந்த நான்கு முட்டைகளையும் ஓர் எருமை மிதித்துவிட்டது. ஆட்காட்டியும் எருமையும் சம்மதித்து நாரையை நடுவராக வைத்தன. நாரை ஒற்றைக் காலில் நின்று இருவரும் சொன்னதைக் கேட்டது. பிறகு தீர்ப்புச் சொன்னது.

"நஷ்டஈடாக, எருமை பதினைந்து நாள் காலையில் சேற்றைக் கிளறி ஆட்காட்டிக்குப் புழு எடுத்துக் கொடுக்க வேண்டும். எருமை படுத்து அசைபோடும் வடகரை மேடும் இனி ஆட்காட்டிக்கே!"

எருமைக்குப் புழு பெரிதில்லை. மேடுதான் பெரிது. தீர்ப்பை நீக்கச் சொல்லி எருமை நேரே கரடியின் நீதிமன்றத்துக்குப் போனது.

ஆட்காட்டியின் வயிற்றில் அடுத்த முட்டைகள் கனத்துக்கொண்டிருந்தன. சில நாட்களில் இட்டாக வேண்டும். மேடு கிடைத்தால் குஞ்சுகள் பிழைக்கும். கிடைக்காவிட்டால் மறுபடியும் எருமைத் தடம்தான். ஆட்காட்டி கரையின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் ஓடியது.

"கரடி என்ன சொல்லும்? என்னதான் சொல்லும்?"

"ஓர் இடத்தில் நில்லேன்! உன்னைப் பார்த்தாலே எனக்குத் தலை சுற்றுகிறது!" என்றது அதன் கணவன்.

வழக்கு நாள் வந்தது.

"சாமி, நான் அதை முட்டை என்றே நினைக்கவில்லை. கூழாங்கல் என்று நினைத்தேன்!" என்றது எருமை.

"அதையெல்லாம் நாரை விசாரித்தாயிற்று," என்றது கரடி, காதைச் சொறிந்துகொண்டே. "மறுபடி விசாரிக்க எனக்கு அதிகாரம் இல்லை. நடுவரை இருவரும் ஒப்புக்கொண்டீர்களா? அவர் இருவரையும் சமமாக நடத்தினாரா? நான் பார்ப்பது இவ்வளவுதான். சொல், நாரை உன் பேச்சைக் கேட்காமல் விட்டாரா?"

எருமை நெடுநேரம் அசைபோட்டது. "கேட்டார், சாமி."

"அப்புறம் எதற்கு வந்தாய்? சரி, இந்த மனுவை..."

"ஒரு நிமிஷம், ஐயா!" என்று கத்தியது ஆட்காட்டி.

கணவன் காலால் இடித்தது. "வாயை மூடு! ஜெயித்துவிட்டோம்!"

"இன்னும் கொஞ்சம் உறுதியாகட்டுமே! ஐயா, நாரையார் ஏனோதானோ என்று தீர்ப்புச் சொல்லவில்லை. முந்தின நாள் உச்சி வெயிலில், எருமை தண்ணீரில் கிடந்த நேரம் பார்த்து, மேட்டுக்கு வந்தார். கூட நான் மட்டும்தான். மூன்று முறை நடந்து அளந்தார். நான் காட்டிய எல்லையைத்தான் எழுதிக்கொண்டார். அவ்வளவு அக்கறை!"

கரடி காதைச் சொறிவதை நிறுத்தியது.

"என்னை யாரும் கூப்பிடவில்லையே!" என்று எருமை எழுந்து நின்றது.

"ஒரு தரப்பை விட்டுவிட்டு, இன்னொரு தரப்போடு மட்டும் போய் இடம் பார்த்தால் அது செல்லாது," என்றது கரடி. "மேடு பற்றிய தீர்ப்பு ரத்து. புழு விஷயத்தில் இருவரையும் கேட்டிருக்கிறார். அது நிற்கும்."

"அப்படியானால் நீங்களே மேட்டை எனக்குக் கொடுங்கள்!"

"என்னால் நீக்கத்தான் முடியும் அம்மா, கொடுக்க முடியாது. புது நடுவரை வைத்து மறுபடி ஆரம்பியுங்கள்."

"அதற்கு எத்தனை நாள் ஆகும்?"

"மழைக்காலம் கழிந்துவிடும்."

வெற்றி கைக்கு வந்த பிறகும் பேச்சை நிறுத்தத் தெரியாதவர், எதிராளிக்குக் கூலி வாங்காத வக்கீல் ஆகிவிடுவார்.

மறுநாள் காலை எருமை தீர்ப்பில் சொன்னபடி புழு கிளறிக் கொடுத்தது. நான்காம் நாள் ஆட்காட்டி எருமைத் தடத்தில் முட்டையிட்டது.