உப்புப் பார்க்காத கஞ்சி

ஊர்ச் சாப்பாட்டையும் சின்னச் சின்னக் கடைகளையும் படமெடுக்கும் நாச்சியாரிடம், ஐம்பத்தோரு வயதில் மாணவராகச் சேர்ந்தார் தேவசகாயம். அதுவரை கணக்கு வாத்தியாராக இருந்தவர். நாச்சியார் அவரைவிடப் பதினைந்து வயது இளையவர். இருந்தாலென்ன, இந்தத் தொழிலில் அவர்தான் குரு.

தேவசகாயத்தின் முதல் படம், மேலப்பாளையத்தில் பக்கீர் பாய் நடத்தும் நோன்புக் கஞ்சிக் கடை பற்றியது. மறுநாள் பாயின் தெருவிலேயே அதைத் திரையிட ஏற்பாடாகியிருந்தது. அதற்குள் பாயிடமிருந்து போன் வந்துவிட்டது. தேவசகாயம் முகம் தொங்கிப்போய் குருவிடம் வந்து நின்றார்.

“ஒரு ஷாட்டை எடுத்துரச் சொல்லுதாரு மேடம்.”

“எந்த ஷாட்?”

தேவசகாயம் அதை ஓடவிட்டார். அண்டாவில் கஞ்சி கொதிக்கிறது. பாய் அகப்பையில் கொஞ்சம் மொண்டு உதட்டில் வைக்கிறார். அவர் கண் கலங்கியிருக்கிறது. அடுப்புப் புகை என்றுதான் தேவசகாயம் நினைத்திருந்தார்.

“நோன்பு நேரத்துலயா?”

“சாயங்காலம் நாலு மணி. ஆனா குடிக்கல மேடம். உப்புப் பாக்குற மாதிரி சும்மா வைங்கன்னு நான்தான் சொன்னேன்.”

“அவர் என்ன சொன்னார்?”

“வேண்டாம் சார்னாரு. ரெண்டு தடவை கெஞ்சினேன். தேடி வந்தவன் மனசு கோணக் கூடாதுன்னு வச்சாரு. இப்ப, ‘ஒரு நோன்பு விட்டதில்ல, தெருவுல எப்படி சார் தலைகாட்டுவேன்’னு அழுதாரு.”

நாச்சியார், படத்தில் சேர்க்காமல் ஒதுக்கிய காட்சிகளைக் கேட்டு வாங்கி ஒவ்வொன்றாகப் பார்த்தார். ஒன்றில் நிறுத்தினார்.

பாய் அண்டாவின் மேல் குனிகிறார். கண்ணை மூடி ஆவியில் வாசம் பிடிக்கிறார். வெகுநேரம் அசையாமல் நிற்கிறார். பிறகு ஒரு கை உப்பை அள்ளிப் போட்டுக் கிண்டுகிறார்.

“இது ஏன் படத்துல இல்ல?”

“அதுல ஒண்ணுமே நடக்கலியே மேடம். நாக்குல வைக்காம உப்புப் போடுதாருன்னா, பாக்குறவன் நம்பணும்லா?”

“அன்னைக்குக் கஞ்சி மிஞ்சிச்சா?”

“எங்க மிஞ்ச? தெருமுனை வரைக்கும் தூக்குவாளியோட கூட்டம். அஞ்சரைக்கே அண்டா காலி.”

“அத்தனை பேரும் அவரை நம்பித்தான் சார் வாங்கிட்டுப் போனாங்க. நம்பாதது நீங்க ஒருத்தர்தான்.”