போயிட்டு வாரேன் என்ற கொத்தனார்

தூத்துக்குடியில் மூன்று அறிவாளிகள் ஒரு வீடியோ கேம்ஸ் சென்டர் நடத்தினார்கள்; கம்ப்யூட்டரில் புது ஆட்டங்களும் செய்வார்கள். அறிவாளிகள் என்று அவர்களே சொல்லிக்கொள்வதால் நானும் அப்படியே எழுதுகிறேன். சுடலைமணி, ஜெசிந்தா, பிச்சைக்கண்ணு என்று பெயர்.

ஒருநாள் இடத்துக்காரர் செபமாலை அண்ணாச்சி வந்து, கடையைக் காலி பண்ணுங்கள், பரோட்டா கடை வைக்கப் போகிறேன் என்றார். மூவரும் அழுத அழுகையில் அவருக்கே மனசு இளகிவிட்டது. சின்ன வயதில் அவர் சோறு தண்ணி இல்லாமல் ஆடிய ஆட்டங்கள் இரண்டு. ஒன்றில் ஒரு கொத்தனார் செங்கல் செங்கலாகத் தாவுவார். இன்னொன்றில் ஒரு கோழி கூரை கூரையாக ஓடும்.

"ரெண்டையும் ஒண்ணாச் சேத்து ஒரு ஆட்டம் பண்ணிக் குடுங்க. நான் ஆடி முடிச்ச அன்னைக்குக் காலி பண்ணுனா போதும்," என்றார்.

வேறு யாராவது என்றால் முடியவே முடியாத ஆட்டமாகச் செய்திருப்பார்கள். நம்மவர்கள் நேர்மையானவர்கள். அண்ணாச்சி சீக்கிரம் முடிக்க வேண்டுமே என்று, மூக்கைச் சிந்திக்கொண்டே, ஆட்டத்தில் இருந்த பள்ளங்களை எல்லாம் மூடினார்கள். மூட்டை முடிச்சுகளையும் கட்டி வாசலில் வைத்துவிட்டார்கள். பாவமாகத்தான் இருந்தது.

கொத்தனார் எதிரிகளை மிதித்துத்தான் ஜெயிப்பார். அது ஜெசிந்தாவுக்கு உறுத்தியது.

"கால் பட்டா தொட்டுக் கும்பிடணும்லா?"

"எதிரியையுமா?" என்றான் சுடலைமணி.

"எதிரியும் மனுசன்தான?"

"அது நண்டு," என்றான் பிச்சைக்கண்ணு.

நண்டுக்கும் மரியாதை உண்டு என்று முடிவாயிற்று. அதன்பின் கொத்தனார் ஒவ்வொரு நண்டையும் மிதித்துவிட்டு, குனிந்து தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். குனிந்தவரின் மூக்கை நண்டு கவ்விக்கொண்டது.

கடைசி வாசலைத் தாண்டினால் ஆட்டம் முடிந்துவிடும். ஆனால் இத்தனை நேரம் கூடவே ஓடிய கோழியிடம் ஒரு வார்த்தை சொல்லாமலா போவது? எனவே கொத்தனார் "போயிட்டு வாரேன்" என்று சொல்லும்படி செய்தார்கள். சொன்னவர் வராவிட்டால் பொய்யராகிவிடுவாரே என்று பிச்சைக்கண்ணு கவலைப்பட்டான். அதையும் சரிசெய்தார்கள்.

அண்ணாச்சி ஆடினார். பிரமாதமாக ஆடினார். கொத்தனார் விடைபெற்று வாசலைத் தாண்டினார். உடனே ஆட்டத்தின் தொடக்கத்தில் வந்து நின்று, "வந்துட்டேன்" என்றார். அண்ணாச்சி மறுபடி ஆடினார். கொத்தனார் மறுபடி வந்தார். அண்ணாச்சியின் கட்டைவிரல் வீங்கி, தாடி வளர்ந்துவிட்டது.

"அவனப் 'போறேன்'னு மட்டும் சொல்ல வைங்க, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்," என்று கெஞ்சினார்.

மூவரும் காதைப் பொத்திக்கொண்டார்கள். கிளம்புகிறவர் வாயில் அந்த வார்த்தை வரலாமா? நெடுநேரம் விவாதித்து வேறு வழி கண்டுபிடித்தார்கள். வாசலில் கோழி மறித்து, சாப்பிட்டுவிட்டுப் போகச் சொல்லும். வயிறு நிறைந்ததும் கொத்தனார் பேசாமல் போய்விடுவார். ஆட்டமும் முடிந்துவிடும்.

கோழி இலை போட்டது. தானே முட்டையிட்டுக் குழம்பும் வைத்தது. இலையில் ஓரம் காலியாகத் தெரிந்தால் கோழிக்கு அவமானம் என்று, காலியான இடத்தில் எல்லாம் உடனே சோறு விழும்படி ஜெசிந்தா செய்திருந்தாள்.

இப்போதும் அண்ணாச்சி திரைக்கு முன்னால்தான் உட்கார்ந்திருக்கிறார். பரோட்டா மாஸ்டரும் பிசைந்த மாவோடு வந்து பக்கத்தில் காத்திருக்கிறார். நேற்று அண்ணாச்சி, இன்னும் எவ்வளவு நேரம் ஆகும் என்று ஈனக்குரலில் கேட்டார்.

"மோர் வந்ததும் காலி பண்ணிருவோம், அண்ணாச்சி," என்றான் சுடலைமணி, மூட்டையைத் தோளில் தூக்கிக்கொண்டு. "இப்பத்தான் ரசம் கேட்டிருக்காரு."